மைல்கல் படித்த தீர்த்தகிரி

எங்கள் பழைய தொகுதியின் வரலாற்றை யாராவது எழுத உட்கார்ந்தால் அது ஒரு பக்கத்தைத் தாண்டாது. முப்பத்தேழில் ஒரு தேர்தல், நாற்பத்தாறில் ஒரு தேர்தல். பதினைந்து வருஷம் உயிரோடு இருந்து இரண்டே தரம் வாயைத் திறந்த தொகுதி அது. ஜெயித்தவர் பெயர், தோற்றவர் பெயர், இருவருக்கும் நடுவே இத்தனை வோட்டு என்று ஒரு எண். பிறகு எல்லையை மாற்றினார்கள், பெயரை மாற்றினார்கள், கொஞ்சத்தை இந்தப் பக்கமும் மீதியை அந்தப் பக்கமும் ஒட்டிவிட்டார்கள். தொகுதி போய்விட்டது. அதற்காக அழுதவர்கள் யாரும் இருந்ததாகத் தெரியவில்லை.

அந்த ஒரு பக்கத்தைப் பார்த்தால் எனக்கு எரிச்சல் வரும். அப்போது நான் சேலம் ஜில்லாவில் தாலுகா குமாஸ்தா. வோட்டர் பட்டியலை என் கையால் எழுதியவன். யார் யாரை அதில் எழுதவில்லை என்பது எனக்குத்தான் தெரியும். அப்படி எழுதாமல் விட்டவர்களில் ஒருவர் அத்திமரக்கொட்டாய் தீர்த்தகிரி. கூண்டு வண்டிக்காரர். எழுதும்போது 'அவர்' என்று வருகிறது. அன்றைக்கு நான் அவரை 'நீ' என்றுதான் சொன்னேன். சில சமயம் 'டா'வும் சேர்ந்திருக்கும். குமாஸ்தா உத்தியோகம் அப்படி.

இன்றைய பிள்ளைகளுக்கு ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். அந்தக் காலத்தில் மனிதனாகப் பிறந்ததற்காக யாருக்கும் வோட்டு கிடையாது. நிலம் இருக்க வேண்டும்; வருஷத்துக்குப் பத்து ரூபாய்க்குக் குறையாமல் கிஸ்தி கட்ட வேண்டும். நிலம் இல்லாவிட்டால் எழுதப் படிக்கத் தெரியும் என்று சர்க்காருக்கு நிரூபிக்க வேண்டும். அத்திமரக்கொட்டாயில் ஜனம் முன்னூறு. வோட்டு ஆறு. அந்த ஆறில் முதல் வோட்டு மணியக்காரர் முனியப்பனுடையது. மீதி ஐந்தும் அவருடைய பங்காளிகள்.

ஊருக்கு வண்டியும் ஒன்றுதான். பாலக்கோட்டுக்கும் தர்மபுரிக்கும் சரியாக நடுவே, இரண்டுக்கும் ஏழேழு மைலில் ஊர். தீர்த்தகிரி தினமும் ஏதாவது ஒரு பக்கம் வண்டி கட்டுவார். மாடுகளை ஓசூர்ப் பக்கத்துச் சந்தையில் பிடித்திருந்தார். அவற்றுக்குக் கன்னடம்தான் புரியும். "நடி, நடி" என்றால் நடக்கும். தமிழில் எவ்வளவு கெட்ட வார்த்தை சொன்னாலும் காதை ஆட்டிக்கொண்டு நிற்கும்.

முப்பத்தேழு மாசி மாதத்தில் தேர்தல் வந்தது. ஒரு வேட்பாளருக்கு மஞ்சள் பெட்டி, இன்னொருவருக்குப் பச்சைப் பெட்டி. வோட்டுச்சாவடி பாலக்கோட்டுப் பள்ளிக்கூடத்தில். இரண்டு கட்சிக்காரர்களும் வந்து வண்டி பேசினார்கள். தீர்த்தகிரி இருவருக்கும் சரி என்றார். ஒரே வண்டியை இரண்டு பேருக்குப் பேசியது தப்பு என்று அவருக்குத் தோன்றவில்லை. கூண்டு ஒன்றுதானே, யார் ஏறினாலும் போகிற இடம் ஒன்றுதானே என்றார். மஞ்சள்காரர்கள் இடது மாட்டின் கொம்பில் மஞ்சள் துணி கட்டினார்கள். பச்சைக்காரர்கள் வலது மாட்டின் கொம்பில் பச்சைத் துணி கட்டினார்கள். பாலக்கோடு போய்ச் சேர்வதற்குள் இடது மாடு பச்சைத் துணியில் பாதியைத் தின்றுவிட்டது. அது ஜோசியமா, பசியா என்று நான் தீர்ப்புச் சொல்லமாட்டேன்.

வண்டி வந்து நின்றது. ஆறு பேரும் இறங்கி வரிசையில் நின்றார்கள். ஏழாவது ஆளாகத் தீர்த்தகிரியும் நின்றார். தலைப்பாகையை அவிழ்த்து மடித்துக் கக்கத்தில் வைத்திருந்தார். வாசலில் பட்டியலோடு உட்கார்ந்திருந்தவன் நான்.

"உன் நம்பர் என்ன?" என்றேன்.

"நம்பரெல்லாம் இல்லீங்க சாமி. வண்டிக்காரனுங்க."

"வண்டிக்காரனுக்கு இங்கே என்ன வேலை? வெளியே போய் நில்லு."

"ஆறு பேரைக் கொண்டாந்து வுட்டிருக்கறனுங்க. ஒண்ணாச்சும் எனக்குக் கெடையாதுங்களா?"

வரிசையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். முனியப்பன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். நானும்தான் சிரித்தேன். தீர்த்தகிரி சிரிக்கவில்லை. உண்மையாகவே கேட்டிருந்தார். மூட்டை ஏற்றினால் ஒரு படி கொசுறு கிடைக்கிறது, கல்யாணத்துக்கு ஓட்டினால் ஒரு வேட்டி கிடைக்கிறது, ஆறு வோட்டை ஓட்டிக்கொண்டு வந்தவனுக்கு ஒரு வோட்டு கிடைக்காதா என்பது அவர் கணக்கு. அதில் என்ன தப்பு என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை.

உள்ளே போன ஆறு பேரும் திரும்பி வரும்போது மூலஸ்தானத்தைப் பார்த்துவிட்டு வந்தவர்கள் மாதிரி இருந்தார்கள். வழி நெடுகத் தீர்த்தகிரி கேட்டுக்கொண்டே வந்தார். உள்ளே எப்படி இருக்கிறது? பெட்டி எவ்வளவு பெரிது? ஒருவர் தானியத் தொம்பை அளவு என்றார். இன்னொருவர், உள்ளே போனதும் கண் இருட்டிக்கொண்டு வந்துவிட்டது, ஒன்றும் தெரியவில்லை என்றார். முனியப்பன், "அதெல்லாம் உனக்கெதுக்குடா? நீ மாட்டைப் பாத்து ஓட்டு" என்றார். அன்றிலிருந்து தீர்த்தகிரிக்கு ஒரே ஆசை. கையில் ஒரு சீட்டோடு அந்த அறைக்குள் ஒரு தடவை போய்விட வேண்டும். யார் ஜெயித்தாலும் அவருக்கு ஒன்றுதான். உள்ளே போக வேண்டும், அவ்வளவுதான்.

அந்தத் தேர்தலில் அவருக்கு மிஞ்சியது நோட்டீஸ். பச்சைப் பெட்டிக்காரர்கள் மூன்று பெரிய கட்டுகளைக் கொடுத்து, வீட்டுக்கு ஒன்று கொடு என்றிருந்தார்கள். அறுபது வீட்டு ஊரில் படிக்கத் தெரிந்தவர்கள் இரண்டு பேர். இரண்டைக் கொடுத்துவிட்டு மீதியை வீட்டுக்குக் கொண்டுவந்து பரணில் போட்டார். அவர் சம்சாரம் சென்னம்மாள் பாலக்கோட்டு வாரச்சந்தையில் பொரிகடலைக் கடை போடுகிறவள். அவள் பரணிலிருந்து நோட்டீஸ்களை எடுத்துப் பொட்டலம் கட்ட ஆரம்பித்தாள். தோற்ற வேட்பாளரின் கொள்கைகள் ஒன்பது வருஷம் பொரிகடலையோடு தொகுதி முழுக்கப் போய்ச் சேர்ந்தன. ஜெயித்தவருக்குக்கூட அந்தப் பாக்கியம் இல்லை.

நோட்டீசில் இருந்தது இதுதான்: 'மகாஜனங்களே! கண்ணியம் பொருந்திய வோட்டர்களே! இனிப்பான வார்த்தைகளைக் கேட்டு ஏமாறாதீர்கள்! உங்கள் உண்மை ஊழியன் யார் என்று உங்கள் நெஞ்சைத் தொட்டுக் கேளுங்கள்!' சந்தையில் படித்த ஆள் யாராவது கடலை வாங்கினால், சென்னம்மாள் பொட்டலத்தைக் காட்டி, "இதுல என்னங்க போட்டிருக்குது?" என்பாள். படித்த ஆளுக்கு அதைவிட வேறென்ன வேண்டும்? கடலையைக்கூட மறந்துவிட்டு உரக்கப் படிப்பார். பத்துப் பேர் படித்ததில் அவளுக்கு மனப்பாடம் ஆயிற்று. நூறு பேர் படித்ததில், எந்தச் சத்தத்துக்கு எந்தக் கோடு என்று விரல் வைத்துப் பார்க்க ஆரம்பித்தாள். புத்தகம் என்றால் பக்கம் புரட்டப் புரட்ட மாறும். இவளுடைய புத்தகத்தில் ஆயிரம் பக்கமும் ஒரே பக்கம். தப்பவே முடியாது.

வீட்டில் அவள் பேச்சும் நோட்டீஸ் மாதிரி ஆகிவிட்டது. கூரையை நாளைக்குச் சரி பண்ணுகிறேன் என்று தீர்த்தகிரி சொன்னால், "இனிப்பான வார்த்தைகளைக் கேட்டு ஏமாறாதீர்கள்னு அச்சடிச்சே குடுத்திருக்கறாங்க" என்பாள். அவள் வேடிக்கையாகச் சொல்கிறாள் என்றுதான் அவர் நினைத்தார். படிக்கிறாள் என்று தோன்றவில்லை.

இனித் தீர்த்தகிரியின் படிப்பைச் சொல்ல வேண்டும். ஒரு நாள் முனியப்பன் கிண்டலாக, "பட்டா இல்லாட்டி படிப்பாச்சும் இருக்கோணும்டா வோட்டுக்கு. உனக்கு ரெண்டும் இல்ல" என்றார். தீர்த்தகிரி வண்டியை நிறுத்திவிட்டார்.

"படிப்பு இருந்தாப் போதுங்களா? எனக்குப் படிப்பு இருக்குதுங்களே! ரோட்டுல அத்தனை கல்லையும் படிப்பனுங்க!"

பொய் இல்லை. வெகு காலத்துக்கு முன்பு ஒரு ரோடு ஓவர்சியர் அவர் வண்டியில் போகும்போது ஒவ்வொரு மைல்கல்லாகக் காட்டிப் படித்துச் சொல்லியிருந்தார். அன்றிலிருந்து எந்தக் கல்லைக் கடந்தாலும் தீர்த்தகிரியின் வாயில் ஊரும் மைலும் தப்பாமல் வரும். "தர்மபுரி பத்து!" "தர்மபுரி பதினொண்ணு!" என்று வண்டியை நிறுத்தி மாடுகளுக்குப் படித்துக் காட்டுவார். கல்லைப் பார்த்ததும் அதில் உள்ளது வாயில் வந்துவிட வேண்டும், அதற்குப் பெயர்தான் படிப்பு என்று நினைத்திருந்தார். வந்துகொண்டுதான் இருந்தது.

அடுத்த தேர்தலில் மனுப் போட்டுவிடலாம் என்று காத்திருந்தார். தேர்தல்தான் வரவில்லை. உலகச் சண்டை வந்தது. மந்திரிகள் ராஜினாமா செய்துவிட்டுப் போனார்கள். தொகுதி வாயை மூடிக்கொண்டு படுத்துவிட்டது. எங்கள் பக்கத்துச் சின்ன ரயிலையும் நிறுத்தித் தண்டவாளத்தைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள். ரயிலில் போனவர்களெல்லாம் வண்டியில் ஏற, தீர்த்தகிரிக்கு ஓட்டம் அதிகமானது. ஓட்டத்தோடு படிப்பும் அதிகமானது. வெளியூர்க்காரர்கள் அவரைப் 'படிச்ச வண்டிக்காரர்' என்று சொல்ல ஆரம்பித்தார்கள். அவரும் மூக்கின் மேல் கண்ணாடி இல்லாத குறைதான் என்கிற மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்து ஓட்டினார்.

நாற்பத்துமூன்றில் ஒரு நாள் பட்டாளத்து லாரி ஒன்று பாலக்கோட்டுப் பக்கம் ஒரு கல்லில் மோதிவிட்டுப் போனது. கல் பெயர்ந்து, எழுத்துப் பக்கம் சேற்றில் புதையக் குப்புறக் கிடந்தது. சந்தைக்குப் போகிற வழி. வண்டியில் சென்னம்மாளும் பொரி மூட்டையும். தீர்த்தகிரி அந்த இடம் வந்ததும் வழக்கம்போல உரக்க, "தர்மபுரி ஒம்பது!" என்றார். சென்னம்மாள் கல்லைப் பார்த்தாள். புருஷனைப் பார்த்தாள். பொரி மூட்டையின் வாயை இறுக்கிக் கட்டினாள். சில நாளில் அந்தக் கல்லை யாரோ தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள். வெறும் குழிதான் இருந்தது. தீர்த்தகிரி குழியையும் படித்தார்.

பின்னாளில் சென்னம்மாளிடம் கேட்டேன், அப்போதே ஏன் சொல்லவில்லை என்று. "சொன்னா மனுசன் ஒடிஞ்சு போயிருவாருங்க. மாட்டுக்குத்தானே படிக்கறாரு, படிச்சுட்டுப் போகட்டும்னு வுட்டுட்டேன்" என்றாள்.

நாற்பத்தைந்து முடிகிற சமயத்தில் தேர்தல் வருகிறது என்று உத்தரவு வந்தது. படிப்பின்பேரில் வோட்டு கேட்பவர்களுக்குப் பரீட்சை வைத்துப் பட்டியலில் சேர்க்கும் வேலை என் தலையில் விழுந்தது. பாலக்கோட்டுச் சாவடியில் முகாம். ஒரு பாலபாடப் புத்தகம், ஒரு சிலேட்டு. மனுக்கட்டைப் பிரித்தால் மேலாக இருந்தது தீர்த்தகிரியின் மனு. 'எனக்கு நன்றாக எழுதப் படிக்கத் தெரியுமாகையால்' என்று தொடங்கியது. யாரோ எழுதிக் கொடுத்தது. கடைசியில், கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில், பளிச்சென்று ஒரு பெருவிரல் ரேகை.

அன்று சந்தை நாள். அவர் சலவை வேட்டி கட்டி வந்து நின்றார். வாசல் ஓரத்தில் சென்னம்மாள் பொரிக்கூடையை இறக்கி வைத்துவிட்டு நின்றிருந்தாள். எட்டு வருஷத்துக்கு முன் வாசலில் நின்று கேட்ட ஆள் இவர்தான் என்பது எனக்கு ஞாபகம் இல்லை. அவருக்கு இருந்தது.

புத்தகத்தை நீட்டினேன். வாங்கி, மரியாதையாகக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, திருப்பிக் கொடுத்துவிட்டார்.

"இது புஸ்தகமுங்க சாமி. எனக்குப் புஸ்தகம் பழக்கமில்லீங்க. நான் கல்லு படிக்கறவனுங்க. ரோட்டுக்கு வாங்க, தர்மபுரி வரைக்கும் நிக்காமப் படிச்சுக் காட்டறேன்."

நான் கெட்டவன் இல்லை. சோம்பேறி, அவ்வளவுதான். தர்மபுரி வரை யார் போவது? சாவடி முற்றத்துச் சுவரில் ஒரு பழைய மைல்கல் சாய்ந்து கிடந்தது. ரோட்டுக்காரர்கள் கொண்டுவந்து போட்டிருந்தார்கள். "அதோ கல். படி" என்றேன்.

தீர்த்தகிரி சந்தோஷமாகப் போனார். கல்லின் முன் நின்றார். வாயைத் திறந்தார். ஒன்றும் வரவில்லை. இந்தப் பக்கம் வந்து பார்த்தார். அந்தப் பக்கம் போய்ப் பார்த்தார். குனிந்து மண்ணைத் தட்டிவிட்டார். பிறகு என்னிடம் திரும்பி வந்து, குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"இது எந்த எடத்துக் கல்லுங்க சாமி? ரோட்டுல எங்க இருந்துதுன்னு மட்டும் சொல்லுங்க. பக்கத்துல என்ன மரம்னு சொன்னாக்கூடப் போதும். டக்குனு படிச்சுருவேன்."

சாவடியே சிரித்தது. இந்தத் தடவையும் நான் சிரித்தேன். ஆனால் அவர் முகத்தைப் பார்த்ததும் பாதியில் நின்றுவிட்டது. தனக்குப் படிக்கத் தெரியாது என்பது அந்த நிமிஷம்தான் அந்த மனிதருக்குத் தெரிந்தது. வாழ்நாளெல்லாம் இருந்த ஒன்று கையை விட்டுப் போகிற முகம் அது.

அப்போது வாசல் பக்கமிருந்து ஒரு ரகசியக் குரல் வந்தது. ரகசியம் என்று அவள்தான் நினைத்துக்கொண்டாள். சந்தையில் கூவிக் கூவித் தடித்த தொண்டை, முற்றம் முழுக்கக் கேட்டது. "ஏனுங்க, தர்மபுரி ஒம்பது! நம்ம குழிக் கல்லுங்க! தர்மபுரி ஒம்பது!"

"யார் அது?" என்றேன்.

சென்னம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"உனக்குப் படிக்கத் தெரியுமா?"

"நோட்டீசு மட்டுமுங்க."

புத்தகத்தைக் கொடுத்தேன். 'அணில் பழம் தின்றது' என்கிற வரியை ஒவ்வோர் எழுத்தாகப் பிடித்து இழுத்து, மூச்சு வாங்கிப் படித்து முடித்தாள். சிலேட்டைக் கொடுத்து, தெரிந்ததை எழுது என்றேன். நாக்கைக் கடித்துக்கொண்டு எழுதினாள்: 'மகாஜனங்களே ஏமாறாதீர்கள்.' நான் இருபது வருஷம் சர்க்கார் உத்தியோகம் பார்த்திருக்கிறேன். ஒரு பரீட்சை பேப்பர் என்னைப் பார்த்துப் பேசியது அந்த ஒரு தடவைதான்.

விதிப்படி அவளுக்கு வோட்டு உண்டு. ஆனால் அவள் மனுப் போடவில்லை. போடவும் மாட்டேன் என்றாள். "எனக்கெதுக்குங்க? அவருக்குக் குடுங்க. எட்டு வருசமாக் கேட்டுட்டு இருக்கறாரு." கொடுக்க முடியாது என்று சொன்னேன். தீர்த்தகிரி அதுவரை கல்லையே பார்த்துக்கொண்டு நின்றவர், "எழுதிக்குங்க சாமி" என்றார். "சென்னம்மாள்னு எழுதிக்குங்க." சொல்லிவிட்டு வெளியே போய், வண்டியைப் பூட்டி, ஓட்டிக்கொண்டு போயே போய்விட்டார். பெண்டாட்டியும் பொரிக்கூடையும் சாவடியிலேயே நின்றார்கள். அவளுக்கான மனுவை நானே எழுதி, அவளிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டேன்.

ஐந்தாவது மைலில் அந்த வெறும் குழி வரும் வரைக்கும் அவர் திரும்பிப் பார்க்கவில்லையாம். அங்கே மாடுகள் வழக்கப்படி நின்றன. படிப்பு முடிந்தால்தானே அவை நகரும்? இவர் வாய் திறக்கவில்லை. மாடுகளும் அசையவில்லை. கொஞ்ச நேரம் மூவரும் குழியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு வண்டியைத் திருப்பிக்கொண்டு பாலக்கோட்டை நோக்கி வந்தார். சென்னம்மாள் அதற்குள் பாதி வழி நடந்துவிட்டிருந்தாள். "ஏறு" என்றார். அவ்வளவுதான் பேச்சு.

நாற்பத்தாறு பங்குனியில் வோட்டுப் போடும் நாள். அத்திமரக்கொட்டாய்க்கு இப்போது வோட்டு ஏழு. ஏழாவது வோட்டும் கூண்டுக்குள் உட்காருமா என்று முனியப்பனுக்குக் கவலை வந்துவிட்டது. "வண்டிக்காரன் பெண்டாட்டி எங்ககூடச் சரிக்குச் சமமா ஒக்காருவாளா?" என்று கேட்டார். சென்னம்மாள், "கண்ணியம் பொருந்திய வோட்டருங்க எல்லாரும் உள்ள ஒக்காருங்க. நான் முன்னால ஒக்காந்தாக் காத்து வரும்" என்று புருஷன் பக்கத்தில் ஏறிக்கொண்டாள். மாடுகள் அன்று ஒவ்வொரு கல்லிலும் நின்று ஏமாந்துபோயின. வண்டிக்காரர் படிப்பை விட்டு மூன்று மாதம் ஆகியிருந்தது.

பள்ளிக்கூட வாசலில் நான்தான் இருந்தேன். தீர்த்தகிரி இந்தத் தடவை வரிசையில் நிற்கவில்லை. எதிரே வேப்பமரத்தடியில் மாட்டோடு நின்றார். சென்னம்மாள் அவரைக் காட்டி, "அவரும் கூட வரலாமுங்களா? சும்மா எட்டிப் பாக்கறதுக்கு" என்று கேட்டாள். கூடாது என்றேன். அதுவும் விதி.

ஆறு ஆண்களும் உள்ளே போன வேகத்தில் வந்துவிட்டார்கள். சென்னம்மாள் வரவில்லை. உள்ளே இருந்த அதிகாரி, "என்னம்மா பண்றே?" என்று சத்தம் போடுவது கேட்டது. "பாத்துட்டு இருக்கறனுங்க" என்று பதில் வந்தது. எதைப் பார்த்தாள் என்பது திரும்பும் வழியில் தெரிந்தது. வண்டி கிளம்பியதும் ஆரம்பித்தாள். உள்ளே மூன்று ஜன்னல், ஒன்றுக்குக் கதவு இல்லை. ஒரு பழைய சேலையைத் தடுப்பாகக் கட்டியிருக்கிறார்கள், அதில் ஒரு கிழிசல். மேஜைக்கு ஒரு கால் குட்டை, செங்கல் முட்டுக் கொடுத்திருக்கிறது. சுவரில் பள்ளிக்கூடத்துப் பிள்ளை எவனோ வாத்தியார் படம் போட்டிருக்கிறான்.

"பொட்டி?" என்று தீர்த்தகிரி கேட்டார். "தொம்பை அளவு இருக்குமா?"

"க்கும். நம்ம பொரி டின்னு அளவு. அதுல பாதி துரு."

கூண்டுக்குள்ளிருந்து முனியப்பன் செருமினார். ஒன்பது வருஷமாக அவர்கள் காத்து வைத்திருந்த மூலஸ்தானத்தை இவள் நாலே மைலில் கலைத்துப் போட்டுவிட்டாள். தீர்த்தகிரி சிரித்தார். அந்தப் பரீட்சைக்குப் பிறகு அவர் சிரித்தது அதுதான் முதல் தடவை என்று சென்னம்மாள் சொன்னாள்.

ஐந்தாவது மைலில் குழி இல்லை. புதுக் கல் நட்டுச் சுண்ணாம்பு அடித்திருந்தார்கள். மாடுகள் நம்பிக்கையோடு நின்றன.

"படிங்க" என்றாள்.

"எனக்குத்தான் தெரியாதே, சென்னி."

"மொத எழுத்து 'த'. உங்க பேருக்கும் இதேதான், தலையில மட்டும் ஒரு சுழி கூட. எறங்கி விரலை வெச்சுப் பாருங்க."

ஆறு வோட்டர்கள் கூண்டுக்குள் வெந்துகொண்டிருக்க, அவர் இறங்கிப் போய்ச் சுண்ணாம்பு காயாத கல்லில் விரலை வைத்துப் பார்த்துவிட்டு வந்தார்.

அதற்குப் பிறகு அந்த வண்டியில் ஏறியவர்கள் பட்ட பாடு கொஞ்சமில்லை. ஒரு கல்லுக்கு ஓர் எழுத்து. பிடிபடும் வரை வண்டி நகராது. தர்மபுரிக் கோர்ட்டில் வாய்தாவைத் தவறவிட்டவர்கள்கூட உண்டு. கல்லில் இருந்த எழுத்து தீர்ந்ததும், பரணில் மிச்சமிருந்த நோட்டீஸ் இறங்கி வந்தது. சந்தை இல்லாத நாளில் சென்னம்மாள் அடுப்பு ஊதிக்கொண்டே கேட்பாள், இவர் மாட்டுக்குத் தவிடு கலக்கிக்கொண்டே சொல்வார். தப்பாகச் சொன்னால் மனைவி திட்டுவாள். சரியாகச் சொன்னால் இவர் மாட்டிடம் போய்ப் பெருமை அடித்துக்கொள்வார்.

நாற்பத்தெட்டில் சுதந்திர சர்க்காரின் உத்தரவு வந்தது. பழைய பட்டியலைத் தூக்கிப் போடு, வீடு வீடாகப் போய் வயது வந்த எல்லாரையும் எழுது என்றார்கள். எங்கள் தொகுதிக்குச் சாவு மணி அடித்தது அந்த உத்தரவில்தான். நான் அத்திமரக்கொட்டாய்க்கு ஒரு காலை வேளையில் போய்ச் சேர்ந்தேன். முன்னூறு பேருக்கு ஆறு வோட்டு இருந்த ஊரில் அன்று நூற்றைம்பது பெயருக்கு மேல் எழுத வேண்டியிருந்தது. கை கடுத்தது. கடைசியில் தீர்த்தகிரி வீடு.

"உனக்கு வோட்டு வந்துவிட்டது. பெயர், வயது சொல்லு" என்றேன். சந்தோஷப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் தலைப்பாகையை அவிழ்த்து மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். அதைப் பார்த்ததும் எனக்கு முப்பத்தேழு ஞாபகம் வந்துவிட்டது.

"புஸ்தகம் எங்கங்க சாமி?"

"எந்தப் புஸ்தகம்?"

"பரீட்சை புஸ்தகமுங்க."

"பரீட்சையெல்லாம் எடுத்தாச்சு. இனிமேல் எல்லாருக்கும் வோட்டு. படிக்கத் தெரிய வேண்டியதில்லை."

அவருக்குக் கோபம் வந்துவிட்டது. "அப்புறம் நான் எதுக்குங்க ரெண்டு வருசம் கல்லுக் கல்லா நின்னு சாவறேன்? அன்னைக்கு என் வூட்டுக்காரிக்குப் பரீட்சை வெச்சீங்கள்ல? எனக்கும் வெச்சுட்டு எழுதுங்க. சும்மா ஒண்ணும் வேண்டாம்."

சென்னம்மாள் உள்ளே பொரி வறுத்துக்கொண்டே சிரிக்கும் சத்தம் கேட்டது. எனக்கு வெயில், பசி, கை வலி. புத்தகம் ஏதும் கையில் இல்லை. வயதை மட்டும் கேட்டு, அந்த வீட்டு வரிகளை எழுதி முடித்துவிட்டு, பட்டியல் காகிதத்தையே அவர் கையில் கொடுத்தேன். "இதைப் படி. இதுதான் பரீட்சை."

கல் இல்லை, மரம் இல்லை, ரோடு இல்லை. வெறும் காகிதம். அவர் சுட்டுவிரலை வைத்தார். உதடு அசைந்தது. அவர் பாஸாக வேண்டும் என்று அவரைவிட எனக்கு ஆசையாக இருந்தது.

"தீ... ர்... த்... த... கி... ரி." விரல் நின்றது. "தீர்த்தகிரி. வயசு நாப்பத்தி... மூணு. வண்டிக்காரன்." விரல் அடுத்த வரிக்கு இறங்கியது. அங்கே வெகு நேரம் நின்றது. திரும்ப முதலிலிருந்து போனது. தடுக்கிவிட்டார் என்று நினைத்தேன்.

"சாமி, இதுல தப்பா இருக்குதுங்க."

"என்ன தப்பு?"

"'தீர்த்தகிரி மனைவி'ன்னு எழுதியிருக்கறீங்க."

"மனைவிதானே?"

"மனைவிதானுங்க. ஆனாப் போன தடவ பட்டியல்ல சென்னம்மாள்னு இருந்துச்சு. நீங்கதான் எழுதுனீங்க, நான்தான் சொன்னேன். அது அவ படிச்சு வாங்கின பேருங்க."

உள்ளே பொரிச் சட்டியின் சத்தம் நின்றுபோயிற்று.

ஊர் முழுக்க அப்படித்தான் எழுதிக்கொண்டு வந்திருந்தேன். இன்னார் மனைவி, இன்னார் மனைவி என்று எழுபது எண்பது வரி. பெயர் கேட்டால் பெண்கள் வெட்கப்பட்டு உள்ளே ஓடுவார்கள், ஆண்கள் எதற்கு என்பார்கள், நேரமாகும். எனக்கும் கை வலி. நான் படித்தவன். பத்து வருஷமாக அந்தப் பட்டியலை எழுதி வந்தவன். அதில் என்ன இல்லை என்று எனக்குப் படிக்கத் தெரியவில்லை.

பேனாவை எடுத்து அந்த வரியை அடித்தேன். சென்னம்மாள் என்று எழுதினேன். கொடுங்கள் என்று அவர் காகிதத்தை வாங்கி, எழுத்தெழுத்தாக விரலை ஓட்டிச் சரிபார்த்தார்.

"இப்பச் சரிங்க" என்றார். பிறகு, நான் ஏதோ தப்பாக நினைத்துவிடக் கூடாதே என்று, "நான் பாஸுங்களா சாமி?" என்று கேட்டார்.

"பாஸ்தாங்க" என்றேன். அவரிடம் முதல் தடவையாக 'ங்க' போட்டுச் சொன்னேன். பட்டியலை மடித்து வைத்துக்கொண்டு, ஊரின் முதல் வீட்டுக்கே திரும்பப் போய், அந்த எண்பது பேரின் பெயரையும் கேட்க ஆரம்பித்தேன்.